கறுப்புப் பெட்டியின் உள்ளறைகள்

காவியங்களைப் பற்றி எழுதுகிறவர்கள் நம்மிடையே நிறைய இருக்கிறார்கள். அந்தக் காவியங்களின் ஏடுகளை அடுக்கி, கட்டி, கறையான் அண்டாமல் காத்த ஏட்டறைகளைப் பற்றி எழுதுகிறவர்கள் மிகக் குறைவு. கணினியின் வரலாற்றிலும் இதே கதைதான். விளையாட்டுகளுக்கு வரலாறு எழுதப்பட்டுவிட்டது; அவற்றை உருவாக்கியவர்கள் புகழ் பெற்றுவிட்டார்கள். ஆனால் ஒரு கோப்பை இங்கிருந்து அங்கே நகர்த்த, பெயர் மாற்ற, அழிக்க, படியெடுக்க உதவும் எளிய மென்பொருளான கோப்பு மேலாளருக்கு யாரும் வரலாறு எழுத முற்படுவதில்லை. அது இல்லாத ஓர் இயந்திரத்தைக் கையாண்டு பார்த்தவர்களுக்குத்தான் அதன் அருமை தெரியும். அப்படிப்பட்ட ஓர் இயந்திரமே மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தின் முதல் எக்ஸ்பாக்ஸ். அதனுள் கோப்பு மேலாளர்கள் எப்படி நுழைந்தன என்பதைத்தான் நாம் இங்கே பார்க்கப் போகிறோம்.

எக்ஸ்பாக்ஸ் 2001 நவம்பர் 15 அன்று வட அமெரிக்காவில் விற்பனைக்கு வந்தது. கனத்த கறுப்புப் பெட்டி. மூடியைத் திறந்தால் உள்ளே இருப்பது ஏறக்குறைய ஒரு மேசைக் கணினி: 733 மெகாஹெர்ட்ஸ் வேகத்தில் ஓடும் பென்டியம் 3 வகைச் செயலி, 64 மெகாபைட் நினைவகம், வலையமைப்புக் கம்பி செருகும் துளை, 8 அல்லது 10 கிகாபைட் வன்தட்டு. கைப்பிடிகளைச் செருகும் துளைகள்கூட, முனையின் வடிவத்தை மட்டும் மாற்றிக்கொண்ட யுஎஸ்பி துளைகள்தான். விளையாட்டுப் பெட்டி ஒன்றின் உடம்போடு வன்தட்டையும் சேர்த்து விற்றது அந்நாளில் புதுமை. அதுவரை சிறிய நினைவக அட்டைகளில் ஒதுங்கிக் கிடந்த ஆட்டச் சேமிப்புகளுக்கு முதல்முறையாக விசாலமான வீடு கிடைத்தது.

வீடு கிடைத்ததே தவிர, வீட்டுக்காரருக்குச் சாவி தரப்படவில்லை. பெட்டியை முடுக்கினால் வரும் பச்சை நிறத் திரையில் நினைவகம் என்று ஒரு பகுதி உண்டு. அதில் ஆட்டங்களின் பெயர்களும் அவை எத்தனை 'கட்டங்கள்' இடத்தைப் பிடித்திருக்கின்றன என்ற கணக்கும் தெரியும். ஒரு சேமிப்பை அழிக்கலாம். ஆட்டத்தை உருவாக்கியவர்கள் அனுமதித்திருந்தால் 8 மெகாபைட் அட்டை ஒன்றுக்குப் படியெடுக்கலாம். அதற்கு மேல் ஒன்றும் இல்லை. கோப்புறை என்ற சொல்லே அங்கே கிடையாது. வன்தட்டு ஐந்து பகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருந்ததை எந்தக் கையேடும் சொல்லவில்லை. 'சி' என்பது இயந்திரம் தன்னை இயக்கிக்கொள்ளும் கோப்புகளுக்கு. 'ஈ' என்பது சேமிப்புகளுக்கு. 'எக்ஸ்', 'ஒய்', 'இசட்' ஆகிய மூன்றும் ஆட்டங்கள் தற்காலிகமாகப் பயன்படுத்திக்கொள்ளும் 750 மெகாபைட் முற்றங்கள். 10 கிகாபைட் தட்டு வைத்திருந்தவர்களின் பெட்டியில் ஏறத்தாழ 2 கிகாபைட் இடம் யாருக்கும் பயனின்றித் தரிசாகவே கிடந்தது.

இந்த இடத்தில் 'ஹோம்ப்ரூ' என்ற சொல்லைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். வீட்டிலேயே காய்ச்சி எடுத்த பானம் என்பது அதன் நேர்ப்பொருள். கடையில் வாங்காமல் தாமே வானொலிக் கருவிகளைச் செய்துகொண்ட அமெச்சூர் வானொலிக்காரர்கள் அச்சொல்லை எடுத்தாண்டார்கள். 1975 மார்ச்சில் கலிஃபோர்னியாவின் மென்லோ பார்க்கில் ஒரு கார்க்கொட்டகையில் கூடிய கணினி ஆர்வலர்கள் தம் சங்கத்துக்கே ஹோம்ப்ரூ என்று பெயர் வைத்தார்கள். ஆப்பிள் கணினியை வடிவமைத்த ஸ்டீவ் வாஸ்னியாக் அந்தச் சங்கத்தில் உட்கார்ந்திருந்தவர். 1976 தொடக்கத்தில் இருபது வயதே ஆன பில் கேட்ஸ், தம்முடைய பேசிக் மொழிபெயர்ப்பியை ஆர்வலர்கள் காசு கொடுக்காமல் படியெடுத்துக்கொள்கிறார்கள் என்று சினந்து எழுதிய திறந்த மடல் இச்சங்கத்தின் செய்தி மடலில் வெளியானது. கால் நூற்றாண்டுக்குப் பிறகு அதே கேட்ஸின் நிறுவனம் செய்த பெட்டியைத் திறந்தவர்கள், தாம் எழுதிய நிரல்களுக்கு அதே பெயரை வைத்துக்கொண்டார்கள். திட்டமிட்டுச் செய்த கிண்டலாகத் தெரியவில்லை. சொற்களுக்கென்று தனி நினைவாற்றல் உண்டு போலும்.

பெட்டியைத் திறப்பது எளிதாக இருக்கவில்லை. எக்ஸ்பாக்ஸ் எந்த நிரலையும் அதன் டிஜிட்டல் கையொப்பத்தைச் சரிபார்த்த பிறகே ஓட்டும். சரிபார்க்கும் வேலையைத் தொடங்கி வைப்பது வெறும் 512 பைட்டுகள் கொண்ட ஒரு ரகசிய நிரல். அது ஒரு சில்லுக்குள் புதைக்கப்பட்டிருந்தது. அங்கிருந்து அதை யாரும் படிக்க முடியாது என்பது மைக்ரோசாஃப்டின் கணக்கு. மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் அப்போது முனைவர் பட்ட மாணவராயிருந்த ஆண்ட்ரூ ஹுவாங் - 'பன்னி' என்ற பெயரால் அறியப்பட்டவர் - சில்லைத் திறக்க முயலவில்லை. சில்லிலிருந்து செயலிக்குத் தரவு போகும் வழியில், தாமே வடிவமைத்த சிறு பலகையைப் பொருத்தி ஒட்டுக் கேட்டார். ரகசியம் வழியிலேயே அகப்பட்டது. தாம் கண்டதை 2002 மே மாதம் அக்கழகத்தின் செயற்கை நுண்ணறிவு ஆய்வகக் குறிப்பாக வெளியிட்டார்.

அதன்பின் அவர் எழுதிய நூலின் கதை இலக்கிய வாசகர்களுக்கே உரியது. 'ஹாக்கிங் தி எக்ஸ்பாக்ஸ்' என்ற அந்நூலை வெளியிட ஒப்புக்கொண்ட வைலி பதிப்பகம், 1998ஆம் ஆண்டின் டிஜிட்டல் பதிப்புரிமைச் சட்டத்துக்கு அஞ்சிப் பின்வாங்கியது. பூட்டை உடைக்கும் கருவியைப் பரப்புவது அச்சட்டப்படி குற்றம்; பூட்டின் அமைப்பை விளக்கும் புத்தகமும் கருவிதானா என்ற கேள்விக்கு அன்று யாரிடமும் தெளிவான பதில் இல்லை. ஹுவாங் தம் சொந்தப் பொறுப்பில் நூலைக் கொண்டுவர முனைந்தார். 2003இல் நோ ஸ்டார்ச் பதிப்பகம் அதைத் துணிந்து வெளியிட்டது. வழக்கு ஏதும் வரவில்லை. ஆரன் ஸ்வார்ட்ஸ் 2013 ஜனவரியில் இறந்தபின், அவர் நினைவாக அந்நூலின் மின்பதிப்பு எல்லோருக்கும் இலவசமாக்கப்பட்டது. புத்தகம் எழுதுவது ஆபத்தான காரியமாக இருந்தது ஏதோ பழங்காலத்தில் என்று நினைப்பவர்கள் இதைக் கவனிக்கலாம்.

ஹுவாங்கின் ஆய்வைத் தொடர்ந்து, பெட்டிக்குள் வேறொரு சில்லைப் பற்றவைத்து அதன் காவலை ஏமாற்றும் முறைகள் பெருகின. முதலில் வந்த சில்லுக்கு 29 கம்பிகள் பற்றவைக்க வேண்டியிருந்தது. அது கை தேர்ந்தவர்களுக்கு மட்டுமே ஆன வேலை. சாதாரண மனிதர்களுக்கு வாசல் திறந்தது 2003இல். எக்ஸ்பாக்ஸில் லினக்ஸை ஓட்டிக் காட்டுபவர்களுக்கென மொத்தம் 2 லட்சம் டாலர் பரிசு அறிவிக்கப்பட்டிருந்தது. அதில் பாதி, பெட்டியின் வன்பொருளைத் தொடாமல் அதைச் செய்பவருக்கு. அந்த ஆண்டு மார்ச்சில் '007: ஏஜென்ட் அண்டர் ஃபயர்' என்ற ஆட்டத்தின் சேமிப்புக் கோப்பு வழியே உள்ளே நுழையலாம் என்று ஒருவர் கண்டுபிடித்தார். ஆட்டம் தன் சேமிப்பைப் படிக்கும்போது, எதிர்பார்த்ததைவிட நீளமான தரவு வந்தால் அது நினைவகத்தில் வரம்பு மீறி வழிந்து ஓடும். வழிந்த பகுதியில் நம் நிரலை வைத்துவிட்டால் இயந்திரம் அதையும் ஓட்டிவிடும். ஆட்டத்துக்குக் கையொப்பம் உண்டு, ஆகவே காவலாளி அதை உள்ளே விட்டுவிட்டார். ஆட்டம் தன் சட்டைப்பையில் எதைக் கொண்டுவருகிறது என்று பார்க்கவில்லை. 'ஸ்ப்ளின்டர் செல்' ஆட்டத்திலும் இதே ஓட்டை இருந்தது. 'மெக்அசால்ட்' ஆட்டத்திலும் இருந்தது. இந்த மூன்றாவதை வெளியிட்டது மைக்ரோசாஃப்டேதான்.

ஆனால் ஒவ்வொரு முறையும் ஆட்டத்தட்டைச் செருகிச் சேமிப்பைத் திறந்துகொண்டிருக்க முடியாதல்லவா? நிலையான வழி எழுத்துருக்களில் கிடைத்தது. பச்சைத் திரையைக் காட்டும் நிரல் தன் துணைக் கோப்புகளைச் சரிபார்த்தே எடுத்துக்கொண்டது. எழுத்துருக் கோப்புகளை மட்டும் அப்படியே நம்பியது. குறைபாடுள்ள எழுத்துரு ஒன்றை அங்கே வைத்தால், பெட்டியை முடுக்கும்போதெல்லாம் நிரல் தடுமாறி, நாம் விரும்பிய நிரலுக்கு வழிவிடும். வினையாற்றும் அந்த எழுத்துருக்களுக்குக் குழந்தைகள் நிகழ்ச்சியான 'செஸமி ஸ்ட்ரீட்'டின் பாத்திரங்களான பெர்ட், எர்னி ஆகியோரின் பெயர்கள் வழங்கின. கோடிக்கணக்கில் செலவழித்துக் கட்டிய காவல், எழுத்தின் வடிவத்தைச் சந்தேகிக்க மறந்த இடத்தில் விழுந்தது என்பது எழுத்தை நம்பி வாழும் நமக்கு ஒருவிதக் கிளர்ச்சியைத் தருகிறது, மறைப்பதற்கில்லை.

இப்படித் திறந்த வாசல் வழியே நுழைந்தவைதான் நம் கதையின் நாயகர்கள்: எவல்யூஷன் எக்ஸ் (வழக்கில் எவோஎக்ஸ்), அன்லீஷ்எக்ஸ், அவாலாஞ்ச், பாக்ஸ்ப்ளோரர், எக்ஸ்பாக்ஸ் மீடியா சென்டர். இவற்றில் பாக்ஸ்ப்ளோரர் கோப்பு மேலாண்மைக்கென்றே எழுதப்பட்டது. மற்றவை பச்சைத் திரைக்கு மாற்றான முகப்புகள். கோப்பு மேலாளர் அவற்றில் ஓர் அறை. இருந்தும் பயனர்கள் அதிகம் புழங்கிய அறை அதுதான். முகப்பின் வண்ணங்களையும் பின்னணிப் படங்களையும் விரும்பியபடி மாற்றிக்கொள்வதில் அன்று பெரும் மோகம் இருந்தது. அந்த அலங்காரங்கள் இன்று பார்க்கச் சற்றுக் கூச்சம் தருபவை. ஒளிரும் பச்சை, உலோகப் பளபளப்பு, மண்டையோடுகள். கோப்பு மேலாளர் மட்டும் எந்த அலங்காரத்துக்குள்ளும் தன் பழைய உருவத்தை விடாமல் வைத்திருந்தது.

அந்த உருவத்துக்கு ஒரு வம்சாவளி இருக்கிறது. திரையை நடுவே பிரித்து இடப்பக்கம் ஒரு கோப்புறை, வலப்பக்கம் ஒரு கோப்புறை. இடமிருந்து எடுத்து வலத்தில் வைக்க வேண்டியது. 1986இல் ஜான் சோசா எழுதிய நார்ட்டன் கமாண்டர் இந்த இரட்டைப் பலகையைப் பரவலாக்கியது. 1994இல் மெக்ஸிகோவைச் சேர்ந்த மிகேல் தெ இகாசா அதே அமைப்பை மிட்நைட் கமாண்டர் என்ற பெயரில் யுனிக்ஸ் உலகுக்குக் கொண்டுவந்தார். எக்ஸ்பாக்ஸ் மீடியா சென்டரின் கோப்பு மேலாளரைத் திறந்தால் அதே இரட்டைப் பலகை. விசைப்பலகை இல்லாத இயந்திரத்தில், சோபாவில் சாய்ந்துகொண்டு, ஒரு கைப்பிடியின் குமிழைத் திருகி, தொலைக்காட்சித் திரையில் 1986ஆம் ஆண்டின் இடைமுகத்தை இயக்கினார்கள். ஒரு கோப்புக்குப் பெயர் மாற்ற வேண்டுமென்றால் திரையில் தோன்றும் எழுத்துக் கட்டங்களில் ஒவ்வோர் எழுத்தாகப் பொறுக்க வேண்டும். ஆகவே யாரும் நீண்ட பெயர் வைக்கவில்லை.

நீண்ட பெயர் வைக்க இயந்திரமும் விடாது. எக்ஸ்பாக்ஸின் கோப்பு முறைமை ஃபேட்எக்ஸ். டாஸ் காலத்து ஃபேட் முறைமையை இன்னும் எளிமைப்படுத்தியது. பெயருக்கு 42 எழுத்துகள், கோப்புக்கு 4 கிகாபைட் என்பவை அதன் எல்லைகள். கணினியில் தாராளமாகப் பெயரிடப்பட்ட பாட்டுகளும் படங்களும் இந்த வாசலில் முட்டிக்கொண்டன. பெயரைச் சுருக்கித் தருவதும், எவை எவை நீளம் என்று பட்டியலிட்டுக் காட்டுவதும் தனிச் சிறு மென்பொருள்களின் தொழிலாயிற்று. சேமிப்புகளின் நிலையோ வேறு மாதிரி. 'ஈ' பகுதியில் 'யூடேட்டா' என்ற கோப்புறைக்குள் போனால் ஆட்டங்களின் பெயர்கள் இருக்காது. எட்டு இலக்கப் பதினாறும எண்கள் வரிசையாக நிற்கும். 'ஹேலோ' ஆட்டத்தின் எண் நான்கு, டி, ஐந்து, மூன்று என்று தொடங்கும். அதைப் பிரித்தால் எம், எஸ் என்ற இரண்டு எழுத்துகள். மைக்ரோசாஃப்டைச் சுட்டும் முத்திரை. மற்ற நிறுவனங்களின் ஆட்டங்களும் இப்படித் தத்தம் ஈரெழுத்து முத்திரையைத் தாங்கியிருந்தன. கோப்புறைக்குள் இருக்கும் சிறு குறிப்புக் கோப்பைப் படித்து, எண்ணுக்குப் பக்கத்தில் ஆட்டத்தின் உண்மைப் பெயரைக் காட்டக் கற்றுக்கொண்ட மேலாளர்கள் பயனர்களின் நன்றியைப் பெற்றன.

பெட்டிக்கு வெளியிலிருந்து உள்ளே போக எல்லா முகப்புகளும் நம்பியது எஃப்டிபி என்ற கோப்புப் பரிமாற்ற நெறிமுறையை. முகப்பு திறந்தவுடன் பெட்டியே ஒரு வழங்கியாக மாறிவிடும். அடுத்த அறையிலுள்ள கணினியிலிருந்து அதன் முகவரியை அழைத்து, பயனர் பெயர் 'எக்ஸ்பாக்ஸ்', கடவுச்சொல்லும் 'எக்ஸ்பாக்ஸ்' என்று தட்டினால் சி, ஈ, எஃப் என்று அறைகள் எல்லாம் விரியும். அந்த நெறிமுறையின் முதல் வரைவு 1971 ஏப்ரலில் வெளிவந்தது. எழுதியவர் அபய் பூஷண், கான்பூர் ஐஐடியின் முதல் அணி மாணவர்களில் ஒருவர். அப்போது அவரும் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில்தான் இருந்தார். ஹுவாங் பூட்டின் ரகசியத்தைக் கேட்ட அதே கழகத்தில், முப்பது ஆண்டுகள் முன்னதாக, திறந்த பிறகு உள்ளே புழங்குவதற்கான மொழி எழுதப்பட்டிருந்தது. அபய் பூஷணைப் பற்றித் தமிழில் இன்னும் விரிவாக யாராவது எழுத வேண்டும்.

கோப்பு மேலாளர் கத்தியைப் போன்றது என்பதையும் சொல்லிவிட வேண்டும். மைக்ரோசாஃப்டின் பச்சைத் திரை, பயனர் தவறு செய்யவே வழியில்லாதபடி அவரைத் தொட்டிலில் வைத்திருந்தது. புதிய மேலாளர்களோ 'சி' பகுதியைக்கூட அப்படியே கையில் கொடுத்தன. இடம் போதவில்லை என்று அங்கே எதையாவது அழித்தால், அடுத்தமுறை பெட்டி எழுந்திருக்காது. பழுது பார்க்கக் கொடுங்கள் என்று பல மொழிகளில் சொல்லும் ஒரு திரையும் மூலையில் ஒரு பிழை எண்ணும் மட்டும் வரும். வன்தட்டைக் கழற்றிக் கணினியில் பொருத்திச் சரிசெய்யவும் முடியாது. ஒவ்வொரு தட்டும் அதனதன் பெட்டிக்கே உரிய கடவுச்சொல்லால் பூட்டப்பட்டிருந்தது. இதற்கு ஆர்வலர்கள் கண்ட வழி வயிற்றைக் கலக்குவது: பெட்டி முடுக்கிய நிலையில், அது தட்டின் பூட்டைத் திறந்த பிறகு, மின்சாரத்தைத் துண்டிக்காமல் தரவுக் கம்பியை மட்டும் பிடுங்கி, ஓடிக்கொண்டிருக்கும் கணினியில் செருகுவது. பலர் இதைச் செய்து பிழைத்தார்கள்.

சட்டத்தின் பக்கம் ஒரு விசித்திரம் நிகழ்ந்தது. இந்த மேலாளர்கள் பெரும்பாலும் மைக்ரோசாஃப்டின் அதிகாரபூர்வ உருவாக்கக் கருவிப்பெட்டியைக் கொண்டு தொகுக்கப்பட்டன. அது உரிமம் பெற்ற நிறுவனங்களுக்கு மட்டும் தரப்படுவது. ஆர்வலர்களிடம் இருந்தது கசிந்த படி. ஆகவே எக்ஸ்பாக்ஸ் மீடியா சென்டரைப் போன்ற திட்டங்கள் தம் மூல நிரலை உலகறிய வெளியிட்டன. ஆனால் ஓடக்கூடிய வடிவத்தைத் தரவே இல்லை. அதை அரட்டை அறை ஒன்றில் ஒரு தானியங்கியிடம் கடவுச்சொல் வாங்கி, மறைவான எஃப்டிபி கிடங்கிலிருந்து எடுத்துவர வேண்டும். செய்யுளை அச்சிடலாம், ராகம் போட்டுப் பாடக் கூடாது என்பது போன்ற நிலை. திறந்த மாற்றுக் கருவிப்பெட்டிகள் அப்போதே முயலப்பட்டன. 'என்எக்ஸ்டிகே' முதிர்ந்த பிறகே அந்தக் கட்டு அவிழ்ந்தது.

திருட்டைப் பற்றிப் பேசாமல் இந்தக் கதையை எழுதுவது நேர்மையாகாது. பெரிய வன்தட்டைப் பொருத்தி, வாடகைக்கு எடுத்துவந்த தட்டுகளை ஒவ்வொன்றாக 'எஃப்' பகுதிக்குப் படியெடுத்துக்கொண்டவர்கள் ஏராளம். எவோஎக்ஸைப் பலர் விரும்பியதே அதற்காகத்தான். ஹோம்ப்ரூக்காரர்கள் இதைக் கேட்டால் தாங்கள் சுதந்திரத்துக்காகச் செய்ததாகச் சொல்வார்கள். பலர் உண்மையில் அதற்காகவே செய்தார்கள். இரண்டும் ஒரே கருவியில் குடியிருந்தன. நமக்குத் தோன்றுவது இது: படியெடுக்கும் பொத்தானுக்கு எதைப் படியெடுக்கிறோம் என்பது தெரியாது. ஆனால் அந்தப் பொத்தானையே தராமல், காசு கொடுத்து வாங்கியவரின் ஐம்பது மணி நேர ஆட்டத்தை அவரே காப்பாற்றிக்கொள்ள முடியாதபடி செய்ததற்குத் திருட்டைக் காரணம் காட்டுவது முழு நியாயமாகாது. 2003இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம், வழக்கொழிந்த வடிவங்களில் உள்ள ஆட்டங்களுக்காகப் பூட்டை மீறச் சில விலக்குகள் தந்தது. 2005 அக்டோபரில் ஆஸ்திரேலிய உயர் நீதிமன்றம், சோனி பெட்டிகளுக்குச் சில்லு பொருத்திய ஒருவரின் வழக்கில் அவர் பக்கம் தீர்ப்பளித்தது. 2012இல் விளையாட்டுப் பெட்டிகளுக்குப் பொதுவான விலக்குக் கேட்டபோது அமெரிக்காவில் மறுக்கப்பட்டது. பெட்டியின் தட்டு இயக்கியைப் பழுது பார்ப்பதற்கு மட்டுமான விலக்கு அங்கே கிடைக்க 2021 ஆயிற்று.

2 கோடியே 40 லட்சம் பெட்டிகள் விற்ற பின் எக்ஸ்பாக்ஸின் காலம் முடிந்தது. 2010 ஏப்ரல் 15 அன்று அதன் இணையச் சேவை நிறுத்தப்பட்டது. அதே ஆண்டு எக்ஸ்பாக்ஸ் மீடியா சென்டரும் தான் பிறந்த பெட்டியைக் கைவிட்டு மற்றக் கணினிகளுக்கே என்று ஆனது. 2014இல் கோடி என்று பெயர் மாற்றிக்கொண்டு இன்று உலகெங்கும் தொலைக்காட்சிகளில் ஓடுகிறது. பழைய பெட்டிக்கான கிளையை வேறு சிலர் பராமரித்து வந்தார்கள். பெட்டிகள் மெல்ல அழிகின்றன. கடிகாரத்துக்கு மின்சாரம் தேக்கிவைக்கும் சிறு மின்தேக்கி கசிந்து பலகையை அரிக்கிறது. தட்டுகள் சுழலாமல் நிற்கின்றன. பெட்டி செத்தால் தட்டின் கடவுச்சொல்லும் அதனுடனே போய்விடும். அச்சொல்லைக் கணிக்கத் தேவையான திறவுகோல், பலகையிலுள்ள 256 பைட்டுகள் கொண்ட ஒரு சிறு நினைவகத்தில்தான் இருக்கிறது.

ஆகவே இன்று பழைய எக்ஸ்பாக்ஸ் ஒன்றை வாங்குகிறவர்கள் முதலில் அந்த மின்தேக்கியை வெட்டி எடுக்கிறார்கள். அடுத்து, ஒரு கோப்பு மேலாளரை உள்ளே புகுத்தி அந்த 256 பைட்டுகளைக் கணினியில் படியெடுத்து வைக்கிறார்கள். பிறகுதான் 'ஈ' பகுதியைத் திறந்து பார்க்கிறார்கள். எட்டு இலக்க எண்களுக்குள் முன்பு அந்தப் பெட்டியை வைத்திருந்தவரின் சேமிப்புகள், அவர் இட்ட பெயர்களோடு, பாதியில் நின்ற ஆட்டங்களாக இருக்கும். எக்ஸ்பாக்ஸில் இசைத்தட்டுகளைப் படியெடுத்து வைக்கும் வசதி இருந்தது. இன்னொரு கோப்புறையில் அந்தப் பாட்டுகள் வெறும் எண்களைப் பெயராகக் கொண்டு வரிசையாகக் கிடக்கும். எது என்ன பாட்டு என்று கண்டுபிடிக்க, ஒவ்வொன்றையும் திறந்து கேட்டால்தான் உண்டு.